தலைக்கு அறுநூற்றைம்பது

மாசக் கடைசி ஞாயிறு, கம்பெனி லீவு.
ஆறே காலுக்குப் பழைய பஸ் ஸ்டாண்டில் வேன் நின்றது,
கண்ணாடியில் ஒட்டிய தாளோடு:
குகை, கிராமம், மதியச் சாப்பாடு,
தலைக்கு அறுநூற்றைம்பது.

செக்கிங்கிலிருந்து நாங்கள் நால்வர்,
பவர்டேபிள் கனகமணி, அவள் புருஷன்,
தமிழ் வராத இரண்டு ஒடியாப் பையன்கள்.
முன்சீட்டில் மைக்கோடு தியாகமூர்த்தி.
படியூர் தாண்டும்போதே தொடங்கிவிட்டார்:
இடதுபக்கம் பாருங்க, வலதுபக்கம் பாருங்க.
இடதுபக்கம் சோளத்தட்டுப் போர்.
வலதுபக்கம் சுற்றாத காத்தாடி ஒன்று.

ஓணாங்கரடு
தீயில் வாட்டிய ஆட்டுத்தலை மாதிரி இருந்தது.
அதன் வாய்க்குப் புதிதாய்ச் சிமெண்டுப் படி,
இரும்புக் கிராதி, பச்சை சிவப்பு லைட்டு.
குனிஞ்சு வாங்க, தலை பத்திரம் என்றார்.
கனகமணி புருஷன் மட்டும் நிமிர்ந்தே போனார்.
டம்மென்ற சத்தத்தைக் குகை இரண்டு தரம் சொன்னது.

உள்ளே கல்லில் வெட்டிய படுக்கைகள்.
கூரையில் டார்ச் அடித்தார்.
'இந்தக் கரியப் பாருங்க.
ரெண்டாயிரம் வருசம் முந்தி
துறவிங்க ஏத்தின விளக்கு.'
எக்கித் தொட்டேன்.
தொடக்கூடாதுங்க அக்கா.
தொட்டாகிவிட்டது.

பிறகு லைட்டை அணைத்தார்.
ஒரு நிமிசம். செல்லெல்லாம் பைக்குள்ள.

எனக்குத் தெரிந்த இருட்டு கரண்ட் போன இருட்டு.
ஜெனரேட்டர் எழும்வரை எண்ணுவோம்,
ஏழு தாண்டாது.
இங்கே எட்டு வந்தது, ஒன்பது, பத்து,
கை இருக்கிறதா என்று
மூக்கைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.
அப்போதுதான் கேட்டது,
ஓவர்லாக் ஓடுகிற சத்தம்.
கரட்டைச் சுற்றி ஒரு மிஷின் கிடையாது.
பதினோரு வருசமாய்
என் காதுக்குள்ளேயே ஓடிக்கொண்டிருந்திருக்கிறது,
ஞாயிற்றுக்கிழமையும்.
உனக்கும் கேக்குதா என்றேன், யாரிடமோ.
ஒடியாப் பையன் ஒருவன் ஏதோ சொன்னான்.
ஆமாம் போலத்தான் இருந்தது.

முப்பத்தெட்டில் ஒரு போன் அதிர்ந்தது.
நீலவெளிச்சத்தில் கனகமணி முகம்.
சூப்பர்வைசர்.

கரட்டுக்குத் தெக்கே வலசு. இருபது வீடு.
சாமியாத்தாள் வீட்டுத் தகர ஷெட்டில் இலை போட்டிருந்தது:
அரிசிம்பருப்புச் சோறு, அப்பளம், எருமைத்தயிர்.
அவளுக்கு இலைக்கு எழுபதாம்.
கேட்டுவிட்டேன், பீஸ் ரேட்டுக்காரிக்கு வாய் நிற்காது.

'கரி பாத்தீங்களா?' என்றாள், தயிர் ஊற்றிக்கொண்டே.
'எங்கப்பன் ஊறல் காய்ச்சுன கரிங்க அது.
எம்பத்திமூணுல போலீசு பானையை உடைச்சப்பவும்
அடுப்பு எரிஞ்சுட்டுத்தான் இருந்துச்சு.'

தியாகமூர்த்தி இலையை விட்டு நிமிரவில்லை.
இவங்க சொல்றதும் நெசந்தானுங்க, என்றார் சோற்றிடம்.
அதுக்கு அடியில இருக்கறது துறவிங்க கரி.
எத்தனை அடியிலீங்க?
கேட்டது கனகமணி புருஷன், நெற்றியில் வீக்கத்தோடு.
யாரும் பதில் சொல்லவில்லை.
சாமியாத்தாள்தான், ரசம் ஊத்தட்டுங்களா என்றாள்.

திங்கட்கிழமை, எட்டரை ஷிப்ட்.
ஸ்பெயின் ஆர்டர், வெள்ளை ரவுண்ட்நெக், நாலாயிரம் பீஸ்.
கழுத்து லேபிளில் நான் படிக்காத பாஷை.
முந்நூறோ என்னவோ ஆனபோது பார்த்தேன்,
கைமடிப்பில் சாம்பலாய் ஒரு விரல்தடம்.
மூன்று தரம் சோப்புப் போட்டும்
நகக்கண்ணில் தங்கிவிட்ட கரி.
முகர்ந்து பார்த்தேன்.
துறவியா, சாராயமா?
சோப்பு வாசம்தான் வந்தது.

வலதுபக்கம் ரிஜெக்ட் பெட்டி.
இடதுபக்கம் பேக்கிங்.
சூப்பர்வைசர் இரண்டு டேபிள் தள்ளி
கனகமணியிடம் கத்திக்கொண்டிருந்தார்,
ஞாயிறு ஏன் போன் எடுக்கவில்லையென்று.

தடம் உள்ளே போகும்படி மடித்து
இடதுபக்கம் வைத்தேன்.